எல்லைக் கோடும் ஆவணப்படமும்



எல்லை என்பது தமிழில் மிகப் பழைய சொல். தமிழ் வழங்கும் நிலத்திற்கு வடக்கே வேங்கடத்தையும் தெற்கே குமரியையும் எல்லையாகக் குறித்துக்கொண்டே தொல்காப்பியப் பாயிரம் தொடங்குகிறது. நம் முன்னோர் ஊருக்கு எல்லைக்கல் நட்டனர். எல்லையம்மனுக்குக் கோயில் எடுத்தனர். வயலுக்கு வரப்பு அமைத்தனர். இவையெல்லாம் கண்ணால் காணத்தக்க எல்லைகள். மாநிலங்களுக்கும் நாடுகளுக்கும் இடையே உள்ள எல்லை அத்தகையதன்று. அது பெரும்பாலும் காகிதத்தின்மேல் இழுத்த கோடு. நிலத்தின்மேல் நடந்து செல்பவனுக்கு அது தென்படுவதில்லை.

அப்படியாயின், எல்லையைப் பற்றிப் படம் எடுக்க விரும்பும் ஒருவர் எதைப் படம் பிடிப்பார்? வேலியைப் பிடிக்கலாம், சோதனைச் சாவடியைப் பிடிக்கலாம். அவை எல்லையின் அடையாளங்களேயன்றி எல்லை ஆகா. அந்தக் கோட்டினால் மக்கள் வாழ்விலே நேர்ந்த மாறுதலை மட்டுமே காமிரா காட்ட முடியும். இடம் பெயரும் மக்கள் எல்லைகளுக்காகக் கொடுக்கும் விலையை ஆவணப்படம் எவ்வாறு எடுத்துரைக்கிறது, அதனை எடுப்போர்க்கு உரிய கடமைகள் எவை என்பனவே இன்றைய பேச்சின் பொருள்.

அறிந்ததிலிருந்து அறியாததற்குச் செல்க; அருகிலிருந்து தொலைவுக்குச் செல்க. ஆசிரியப் பயிற்சிக் கல்லூரியில் எங்களுக்கு முதலில் கற்பித்த விதி இது. ஆகவே, நான் வாழும் திருத்தணியிலிருந்தே தொடங்குகிறேன்.

திருத்தணி மலைக்கோயிலின் 365 படிகளையும் ஏறி நின்று வடக்கே நோக்கினால் வயல்கள் தெரியும், ஏரிகள் தெரியும், அவற்றிற்கு அப்பால் மலைத்தொடர் தெரியும். தமிழ்நாடு எங்கே முடிகிறது, ஆந்திரம் எங்கே தொடங்குகிறது என்று காட்டும் குறி ஒன்றும் தெரியாது. ஆடிக் கிருத்திகையன்று காவடி எடுத்து வரும் அடியார்களில் தமிழ் பேசுவோரும் உண்டு. தெலுங்கு பேசுவோரும் உண்டு. அரோகரா என்னும் முழக்கம் இருவர்க்கும் பொது. கடைத்தெருவில் ஒருவர் தமிழில் விலை கேட்பார், மற்றவர் தெலுங்கில் விடை சொல்வார், வாணிகம் நடக்கும்.

இவ்வூர் இருந்த இடத்திலேயே இருந்தது. எல்லைதான் இதனைக் கடந்து கடந்து சென்றது. 1888ஆம் ஆண்டு செப்டம்பர் 5ஆம் நாள் டாக்டர் சர்வபள்ளி இராதாகிருஷ்ணன் இங்கே ஒரு தெலுங்குக் குடும்பத்திலே பிறந்தபோது, திருத்தணி சென்னை மாகாணத்தின் வட ஆர்க்காடு மாவட்டத்தைச் சேர்ந்திருந்தது. 1911இல் சித்தூர் மாவட்டம் அமைந்தபோது அதனுள் சேர்க்கப்பட்டது. 1953 அக்டோபர் முதல் நாள் ஆந்திர மாநிலம் பிறந்தபோது ஆந்திரத்திற்குச் சென்றது. 1960 ஏப்ரல் முதல் நாள் மீண்டும் சென்னை மாநிலத்திற்கு வந்தது. அப்போது இராதாகிருஷ்ணன் இந்தியக் குடியரசின் துணைத் தலைவர். 1969இல் அந்த மாநிலம் தமிழ்நாடு எனப் பெயர் பெற்றது. 1997இல் திருவள்ளூர் மாவட்டம் உருவாயிற்று. எங்கள் வீட்டு மரப்பெட்டியில் மூன்று தலைமுறையினரின் பள்ளிச் சான்றுகள் உள்ளன. என் தந்தையாரின் சான்றில் சித்தூர் மாவட்டம் என்றும், என்னுடையதில் செங்கற்பட்டு மாவட்டம் என்றும், என் மக்களுடையதில் திருவள்ளூர் மாவட்டம் என்றும் இருக்கிறது. மூவரும் பிறந்தது ஒரே வீட்டில்.

இம்மாற்றங்கள் விலையின்றி நிகழவில்லை. தெலுங்கர்க்குத் தனி மாநிலம் வேண்டி ஏறத்தாழ இரண்டு திங்கள் உண்ணா நோன்பு இருந்த பொட்டி சீராமுலு 1952 டிசம்பர் 15ஆம் நாள் சென்னையிலே உயிர் நீத்தார். வடக்கெல்லையைக் காக்க ம. பொ. சிவஞானம் அவர்கள் தலைமையில் தமிழரசுக் கழகத்தார் கிளர்ச்சி செய்து சிறை புகுந்தனர். சிறையிலே இறந்தவர்களும் உண்டு. எல்லைப் பகுதி ஊர்களிலே தமிழ்ப் பள்ளிகளை வளர்த்த மங்கலங்கிழார் என்னும் ஆசிரியப் பெருமகனாரின் தொண்டும் இவ்விடத்தே நினைக்கத்தக்கது. பின்னர், நடுவராக அமர்த்தப்பட்ட படாஸ்கர், கிராமத்தை அலகாகக் கொண்டு, பெரும்பான்மையோர் பேசும் மொழியையும் நிலத்தொடர்ச்சியையும் பார்த்து எல்லையை வகுத்தார். அதன்படி 1959இல் பாராளுமன்றம் சட்டம் இயற்றியது. திருத்தணி இப்பக்கம் வந்தது. சத்தியவேடு போன்ற பகுதிகள் அப்பக்கம் சென்றன.

கிராமத்தை அலகாகக் கொண்டது நேர்மையான முறை என்பதில் ஐயமில்லை. ஆயினும் கிராமத்தைவிடச் சிறிய அலகு ஒன்று உண்டு, அதுதான் குடும்பம். ஒரு தெருவிலே பெண் கொடுத்து மறு தெருவிலே பெண் எடுத்த குடும்பங்களுக்கு இடையே கோடு சென்றது. தறி நெய்வோர் நகரியிலும் உண்டு, பள்ளிப்பட்டிலும் உண்டு, அவர்கள் உறவினர். ஆனால் ஒருவர் பிள்ளை ஒரு பாடநூலையும், மற்றவர் பிள்ளை வேறொரு பாடநூலையும் படிக்கலாயிற்று. நல்வினைப் பயனாக இங்கே பேருந்து தடைப்படவில்லை, திருமணங்கள் நிற்கவில்லை. ஆதலால் இந்த எல்லையின் வலி சிறிது. எனினும், எக்கோடும் எந்நேரமும் கடுமை பூணக்கூடும் என்பதற்குச் சான்று உண்டு. 2020ஆம் ஆண்டு ஏப்ரலில், கொரோனா நோய்க் காலத்தில், வேலூர் மாவட்டத்தில் குடியாத்தத்தை அடுத்த சைனகுண்டா என்னுமிடத்தில், சித்தூருக்குச் செல்லும் சாலையின் குறுக்கே சுவரே எழுப்பிவிட்டனர். எதிர்ப்பு எழவே சில நாட்களில் அச்சுவர் அகற்றப்பட்டது. அறுபது ஆண்டுகளாகக் கண்ணுக்குத் தெரியாதிருந்த கோடு சில நாட்கள் கல்லாகக் காட்சியளித்தது.

நிற்க. வலி மிகுந்த எல்லை ஒன்றையும் காண்போம். அதுவும் தமிழர் வரலாற்றைச் சேர்ந்ததே.

கடந்த நூற்றாண்டுக்கு முந்திய நூற்றாண்டின் முற்பகுதியில், இலங்கையின் மலைநாட்டுக் காப்பித் தோட்டங்களுக்கும், பின்னர்த் தேயிலைத் தோட்டங்களுக்கும் தமிழ்நாட்டுக் கிராமங்களிலிருந்து தொழிலாளர் சென்றனர். பல தலைமுறைகள் அங்கேயே பிறந்து, உழைத்து, மாண்டனர். 1948இல் இலங்கை விடுதலை பெற்றது. அவ்வாண்டே இயற்றப்பட்ட குடியுரிமைச் சட்டத்தினால் அவர்களுள் பெரும்பாலோர் எந்த நாட்டுக்கும் உரியரல்லர் ஆயினர். 1964 அக்டோபர் 30ஆம் நாள் இந்தியப் பிரதமர் லால்பகதூர் சாஸ்திரியும் இலங்கைப் பிரதமர் சிறிமாவோ பண்டாரநாயக்காவும் ஓர் உடன்படிக்கை செய்தனர். நாடற்றவர் 9,75,000 பேர் எனக் கணக்கிடப்பட்டது. 5,25,000 பேரை இந்தியா ஏற்கும். 3,00,000 பேருக்கு இலங்கை குடியுரிமை தரும். எஞ்சிய 1,50,000 பேரைப் பற்றிப் பின்னர் முடிவு செய்யப்படும். 1974இல் அவர்களையும் ஆளுக்குப் பாதியாகப் பகிர்ந்துகொண்டனர். இந்த எண்களோடு இனிப் பிறக்கும் குழந்தைகளும் சேர்த்தே எண்ணப்பட்டனர். பிறவாத குழந்தைக்கும் நாடு எதுவென்று குறிக்கப்பட்டுவிட்டது. அம்மக்களைக் கேட்டு இவ்வுடன்படிக்கை எழுதப்படவில்லை.

கணக்கு முடிந்தது, கண்ணீர் தொடங்கியது. அண்ணன் குடும்பம் இந்தியக் கடவுச்சீட்டு பெற்றது; தங்கை குடும்பம் இலங்கையிலேயே தங்கியது. மலையகத்தார் கோச்சி என்று சொல்லும் புகைவண்டியில் தலைமன்னார் வந்து, கப்பலேறி இராமேசுவரம் அடைந்து, மண்டபம் முகாமிலே தங்கி, அங்கிருந்து குறித்த இடங்களுக்குச் சென்றனர். அவர்களுக்கு வேலை தரும் பொருட்டே 1968இல் நீலகிரியில் தமிழ்நாடு அரசின் தேயிலைத் தோட்டங்கள் தொடங்கப்பட்டன. தாத்தா காலத்தில் விட்டுச்சென்ற ஊருக்குத் திரும்பி வந்தவர்களை, ஊரார் ‘சிலோன்காரர்’ என்றே அழைத்தனர். அங்கே இந்தியர், இங்கே சிலோன்காரர்.

இவ்வரலாற்றை நான் வகுப்பிலே பல முறை கற்பித்திருக்கிறேன். மாணவர் எண்களைக் குறித்துக்கொள்வர். தேர்விலே பிழையின்றி எழுதுவர். ஐந்தே கால் இலட்சம் என்ற எண்ணைக் கேட்டு எவரும் கண் கலங்கி நான் பார்த்ததில்லை. அது மாணவர் குற்றமன்று. எண் அறிவுக்கு எட்டும். நெஞ்சுக்கு எட்ட ஒரு முகம் வேண்டும். ஒரு கிழவி தன் பழைய கடவுச்சீட்டை எடுத்து, அதிலுள்ள தன் இளமைப் படத்தை விரலால் தடவுவதைத் திரையிலே ஒரு நிமிடம் பார்த்தால், அவ்வெண்ணின் பொருள் தானே விளங்கும். ஆவணப்படத்தின் பயன் இங்கேதான் தொடங்குகிறது.

ஆவணப்படம் என்பது யாது? நடிகரையும் கற்பனைக் கதையையும் கொள்ளாமல், உண்மை மாந்தரையும் உண்மை நிகழ்ச்சிகளையும் கொண்டு, ஒரு கருத்து விளங்குமாறு தொகுக்கப்படும் படம். செய்திப்படம் நடந்ததைச் சொல்லி நிற்கும். ஆவணப்படம் நடந்ததன் பொருளையும் தேடும். அமெரிக்கரான ராபர்ட் பிளாஹெர்ட்டி வடதுருவப் பகுதியில் எடுத்து 1922இல் வெளியிட்ட நானூக் என்னும் படமே இத்துறையின் முன்னோடி. அதிலும் ஒரு குறை உண்டு. துப்பாக்கி கொண்டு வேட்டையாடப் பழகிவிட்ட மக்களைப் பழைய ஈட்டியோடு வேட்டையாடச் செய்து படம் பிடித்தார் அவர். உண்மை மாந்தரைக் காட்டினால் மட்டும் உண்மை வந்துவிடாது என்பதற்கு இது முதற்பாடம்.

தமிழருக்கும் இத்துறையில் பெருமைக்குரிய முன்னோடி ஒருவர் உளர். உலகம் சுற்றிய தமிழர் என்று புகழ்பெற்ற ஏ. கே. செட்டியார் அவர்களே அவர். பர்மாவில் வாழ்ந்து பத்திரிகைப் பணி செய்தவர்; கடல் கடந்து வாழும் தமிழரை நேரிலே கண்டவர். காந்தியடிகள் வாழ்வைப் பற்றிய படச்சுருள்களைப் பல நாடுகளில் தேடி 50,000 அடி அளவுக்குச் சேர்த்தார். அவற்றிலிருந்து 12,000 அடியுள்ள படமாகத் தொகுத்து 1940இல் தமிழில் வெளியிட்டார். சேர்த்ததில் ஏறத்தாழ நான்கில் ஒரு பங்கே திரைக்கு வந்தது. ஆவணப்படக்காரர் எதைக் காட்டினார் என்பதைப் போலவே, எதை விட்டார் என்பதும் ஆராயத்தக்கது என்பதை இதனால் அறியலாம்.

இனி, இடம்பெயரும் மக்களைப் பற்றிய படங்களுள் நான்கினைப் பார்ப்போம். நான்கும் நான்கு வழியைக் காட்டுகின்றன.

முதலாவது, திருத்தணி தமிழகத்தோடு சேர்ந்த அதே 1960ஆம் ஆண்டில் அமெரிக்கத் தொலைக்காட்சியில் ஒளிபரப்பான ‘அவமானத்தின் அறுவடை’ என்னும் பொருள்படும் படம். அதனை வழங்கிய எட்வர்டு மர்ரோ வானொலியிலே புகழ்பெற்ற செய்தியாளர். அறுவடைக்காக மாநிலம் விட்டு மாநிலம் செல்லும் பண்ணைத் தொழிலாளரின் வறுமையைக் காட்டும் இப்படம், அமெரிக்கர் விருந்துண்டு மகிழும் நன்றியறிதல் நாளுக்கு மறுநாள் வெளியாயிற்று. உண்டவர்களுக்கு அந்த உணவு எங்கிருந்து வந்தது என்பதை அது எடுத்துரைத்தது. இங்கே குரலே வழிகாட்டி; மர்ரோவே தோன்றி மக்களை நோக்கிப் பேசுகிறார். ஆனால் மறு ஆண்டு அரசுப் பணியில் அமர்ந்தபின், அதே மர்ரோ இப்படம் பிரிட்டனில் ஒளிபரப்பாவதைத் தடுக்க முயன்றார். உண்மையைச் சொல்வதைவிட, சொன்ன உண்மையில் நிலைத்து நிற்பது கடினம்.

இரண்டாவது, அமர் கன்வர் 1997இல் எடுத்த படம். இந்தியாவுக்கும் பாகிஸ்தானுக்கும் இடையே வாகா என்னுமிடத்தில் தரையிலே ஒரு வெண்கோடு. இருபுறத்துச் சுமைகூலிகளும் கோட்டின் அருகே வந்து, காலை அப்புறம் வைக்காமல், ஒருவர் தலைச்சுமையை மற்றவர் தலைக்கு மாற்றுகின்றனர். மூட்டை நாடு கடக்கிறது. மூட்டையைச் சுமந்தவன் கடக்கவில்லை. ஒரு நூல் முழுவதும் எழுதி விளக்க வேண்டியதை அந்தக் காட்சி சில நொடிகளில் விளக்கிவிடுகிறது.

மூன்றாவது, இத்தாலியரான ஜான்பிராங்கோ ரோசி எடுத்து, 2016இல் பெர்லின் திரைப்பட விழாவில் முதற்பரிசு பெற்ற படம். ஆப்பிரிக்காவிலிருந்து படகேறி ஐரோப்பா செல்ல முயல்வோர் முதலில் கரை காணும் லாம்பெடூசா என்னும் சிறு தீவு அதன் களம். 2013 அக்டோபர் 3ஆம் நாள் அத்தீவுக்கு அருகே ஒரு படகு கவிழ்ந்து 360க்கும் மேற்பட்டோர் மாண்டனர். ரோசி ஓராண்டுக்கு மேல் தீவிலே தங்கினார். அவர் படத்தில் விளக்கவுரை கூறும் குரல் இல்லை. தீவுச் சிறுவன் ஒருவன் கவண்கல் எறிந்து விளையாடுகிறான். அதே கடலில் மக்கள் மூழ்குகின்றனர். இரு வாழ்வும் ஒன்றையொன்று தொடுவதில்லை; இரண்டையும் அறிந்தவர் தீவின் மருத்துவர் ஒருவரே. அந்தச் சிறுவனைப் போலத்தானே நாமும் வாழ்கிறோம் என்ற எண்ணம் காண்போர்க்குத் தானே எழுகிறது.

நான்காவது நம் நாட்டுக் கதை. 2020 மார்ச்சில் நாடு முழுவதும் அடைக்கப்பட்டபோது, வேலையிழந்த தொழிலாளர் எழுவர் தில்லியை அடுத்த காசியாபாத்திலிருந்து பீகாரின் சஹர்சாவுக்கு மிதிவண்டியிலே புறப்பட்டனர். தொலைவு 1,232 கிலோமீட்டர். வினோத் காப்ரி அவர்களுடனே சென்று படம் எடுத்து 2021இல் வெளியிட்டார். சொந்த நாட்டுக்குள்ளே, சொந்த ஊருக்குச் செல்லும் குடிமக்களுக்கும் மாநில எல்லை தடையாகும் என்பதை அது காட்டுகிறது.

இவற்றைக் கொண்டு, படம் எடுப்போர்க்குரிய கடமைகள் சிலவற்றை வகுத்துச் சொல்லலாம்.

முதற்கடமை பொறுமை. பெற்றோரையும் ஊரையும் இழந்தவர் காமிராவைக் கண்டவுடன் மனம் திறக்கமாட்டார். முதல் நாள் காமிரா இல்லாமல் செல்ல வேண்டும். காப்பி கொடுத்தால் குடிக்க வேண்டும். பிள்ளைகளைப் பற்றிக் கேட்க வேண்டும்.

இரண்டாவது ஒப்புதல். ஒப்புதல் என்பது தாளிலே கையொப்பம் பெறுவது மட்டுமன்று. படம் எங்கே காட்டப்படும், யார் பார்ப்பார், அதனால் என்ன நேரலாம் என்பதை அவர் மொழியிலே விளக்கியபின் பெறுவதே ஒப்புதல். ‘வேண்டாம்’ என்று பின்னர்ச் சொல்லும் உரிமையும் அவருக்கு உண்டு.

மூன்றாவது, தீங்கு செய்யாமை. தக்க தாள்களின்றி எல்லை கடந்தவரின் முகத்தைக் காட்டினால் அவர் சிறைப்படக்கூடும். அவர் விட்டுவந்த ஊரிலே உறவினர் துன்புறக்கூடும். அத்தகையோரின் முகத்தை மறைக்கலாம், குரலை மாற்றலாம், கைகளை மட்டும் காட்டலாம். உழைத்த கைகள் பல வேளைகளில் முகத்தினும் மிகுதியாகப் பேசும்.

நான்காவது, தொகுப்பிலே நேர்மை. ஒரு கேள்விக்குச் சொன்ன விடையை வேறொரு கேள்விக்குப் பின் ஒட்டினால், சொன்னவர் வாயாலேயே பொய் சொல்ல வைத்தவர் ஆவோம். மொழிபெயர்ப்பிலும் இவ்வெச்சரிக்கை வேண்டும். அழுகையின்மேல் இசையைக் கொட்டி மேலும் அழச் செய்வதும் ஒருவகைப் பொய்யே.

ஐந்தாவது, எடுத்த படத்தை அம்மக்களுக்கே முதலிற் காட்டுதல். தம் வாழ்வு தம்மிடம் திரும்பி வந்தது என்ற நிறைவு அவர்களுக்கு வேண்டும். அவர்கள் துயரத்தைக் கொண்டு நாம் பரிசு பெற்று, அவர்களிடம் ஒன்றும் திரும்பாவிடில், தோட்டத்துத் துரை தேயிலையைக் கொண்டுபோனதற்கும் நாம் படத்தைக் கொண்டுபோனதற்கும் வேற்றுமை யாது?

ஒருவேளை நீங்கள் கேட்கலாம்: ‘ஐயா, வாகாவும் லாம்பெடூசாவும் எங்கோ இருக்கின்றன. நாங்கள் என்ன செய்ய இயலும்?’ நம் திருவள்ளூர் மாவட்டத்தையே பாருங்கள். செங்கற் சூளைகளில் ஒடிசாவிலிருந்து வந்த குடும்பங்கள் உழைக்கின்றன. கும்மிடிப்பூண்டியில், 1983க்குப் பின் போரினால் இலங்கையை விட்டு வந்த தமிழர் வாழும் முகாம் இருக்கிறது. 2021இல் தமிழ்நாடு அரசு அத்தகைய முகாம்களுக்கு மறுவாழ்வு முகாம் எனப் பெயர் மாற்றியது. அங்கே பிறந்து, இங்கே படித்து, இலங்கையைக் கண்ணாலும் காணாத இளைஞர் பலர் உளர். 1987 ஜூலைக்குப் பின் இந்தியாவிலே பிறந்தவர், பெற்றோருள் ஒருவரேனும் இந்தியக் குடிமக்களாக இருந்தாலன்றிப் பிறப்பினால் குடியுரிமை பெறார் என்பது சட்டம். ஆதலால் அவ்விளைஞர், தாம் ஒருபோதும் கடக்காத எல்லையின் விலையைச் செலுத்தி வருகின்றனர். உங்கள் வகுப்பில் உங்கள் பக்கத்திலே அமர்ந்திருப்பவரும் அவர்களுள் ஒருவராக இருத்தல் கூடும்.

உடனே கையிலுள்ள தொலைபேசியை எடுத்துக்கொண்டு முகாமுக்கு ஓடுங்கள் என்று நான் சொல்லவில்லை. முகாமுக்குள் செல்ல அரசின் இசைவு வேண்டும். அதனினும் முதலாக அங்கு வாழ்வோரின் இசைவு வேண்டும். முதலிலே உங்கள் வீட்டிலிருந்து தொடங்குங்கள். 1953க்கும் 1960க்கும் இடையே இந்த எல்லை அசைந்ததைக் கண்ணால் கண்டவர்கள் இப்போது முதுமையின் முடிவிலே இருக்கின்றனர். உங்கள் தாத்தாவையோ பாட்டியையோ அமர வைத்து, ‘பள்ளிக்கூடத்திலே மொழி மாறியபோது என்ன செய்தீர்கள்? அத்தை வீடு எந்தப் பக்கம் போயிற்று?’ என்று கேளுங்கள். குரலை மட்டும் பதிந்தாலும் போதும். வானொலியில் பழகிய நான் குரலின் ஆற்றலை நன்கு அறிவேன். பேசுகிறவர் நிறுத்தினால் நீங்களும் காத்திருங்கள். அந்த மௌனத்திற்குப் பின்புதான் சொல்ல வேண்டியது வரும். பதிந்ததை நாள், ஊர், பேசியவர் வயது ஆகியவற்றோடு குறித்துப் பள்ளி நூலகத்திலே வையுங்கள்.

அரசுகள் எல்லையை வகுக்கின்றன; அது தேவையும்கூட. கோட்டின் நீளத்தையும் பரப்பையும் அளந்து வைக்க நில அளவைத் துறை இருக்கிறது. அந்தக் கோட்டினால் ஒரு குடும்பம் இழந்ததை அளந்து வைக்க எந்தத் துறையும் இல்லை. பொறுமையோடும் நேர்மையோடும் எடுக்கப்படும் ஆவணப்படம் அவ்வேலையைச் செய்கிறது. நாளை அதைச் செய்யப் போகிறவர் உங்களுள் சிலர். இந்த வாரமே வீட்டிலுள்ள பெரியவர் ஒருவரிடம் முதற் கேள்வியைக் கேட்டுத் தொடங்குங்கள்.